வள்ளலா, அமைப்பாளரா? துன் வீ. தி. சம்பந்தனின் பொதுவாழ்வு குறித்த ஒரு மறுமதிப்பீடு

மலேசியத் தமிழர்தம் அரசியல் வரலாற்றில் துன் வீ. தி. சம்பந்தன் (1919–1979) பெறும் இடம் தனித்தன்மை வாய்ந்தது. பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட்டில் பிறந்து அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் பயின்ற அவர், 1955 முதல் 1973 வரை ம.இ.கா.வின் தலைவராகவும் 1955 முதல் 1974 வரை அமைச்சராகவும் விளங்கினார். தொழில், சுகாதாரம், பொதுப்பணி, அஞ்சல், தொலைத்தொடர்பு, தேசிய ஒற்றுமை முதலிய துறைகள் அவர் பொறுப்பில் இருந்தன. இந்நெடிய பொதுவாழ்வைத் தமிழ் எழுத்துகள் எவ்வாறு காட்டுகின்றன என்பதே இக்கட்டுரையின் ஆய்வுப்பொருள்.

நினைவு மலர்களும் மேடையுரைகளும் மாணவர் கட்டுரைகளும் அவரைப் பெரும்பாலும் 'வள்ளல்' என்றே போற்றுகின்றன. தோட்ட உரிமையாளரின் மகனாகப் பிறந்தவர், தம் செல்வத்தைச் சமூகத்திற்கு ஈந்தார் என்பதே அவற்றின் மையக்கருத்து. இது நம் பாடாண் மரபின் நீட்சி எனலாம். அம்மரபு ஈவோனையும் இரப்போனையும் மட்டுமே அறியும். இதனால் சம்பந்தனின் தலையாய சாதனை மறைந்துவிடுகிறது.

1950களில் ஐரோப்பிய நிறுவனங்கள் தம் இரப்பர்த் தோட்டங்களை விற்கத் தொடங்கின. வாங்கியோர் அவற்றைச் சிறு துண்டுகளாக்கி மறுவிற்பனை செய்தனர். தோட்டம் துண்டாடப்பட்டபோது தொழிலாளி வேலையை மட்டுமன்றி, குடியிருந்த லயத்தையும் இழந்தான். பிள்ளைகள் தோட்டத் தமிழ்ப்பள்ளியை இழந்தனர். இந்நெருக்கடிக்கு விடையாக 1960இல் உருவானதே தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கம். நூறு வெள்ளிப் பங்கினைப் பத்து வெள்ளித் தவணைகளில் தொழிலாளர் வாங்கினர். பால்மரம் வெட்டிய ஒருவருக்கு அத்தவணை சில நாள் கூலியாகும். அத்தொகையைத் திரட்டியே 1961இல் கெடாவின் புக்கிட் சீடிம் தோட்டத்தைச் சங்கம் வாங்கியது. ஆக, இங்குப் பொருள் தந்தவர் தொழிலாளர். சம்பந்தன் தந்தவை நம்பிக்கை, அலைச்சல், அமைப்பு. அமைச்சர் பதவியிலிருந்த ஒருவர் தோட்டந்தோறும் சென்று உறுப்பினர் சேர்த்தது ஈகையன்று, அமைப்பாக்கம்.

புகழ்மொழி மறைக்கும் மற்றொன்றும் உண்டு. அது தோல்வி. 1968ஆம் ஆண்டு வேலைவாய்ப்புக் கட்டுப்பாட்டுச் சட்டம் 1969இல் நடைமுறைக்கு வந்தபோது, குடியுரிமை பெறாதோர்க்கு வேலை உரிமம் தேவைப்பட்டது. தலைமுறைக்கணக்கில் உழைத்த தோட்டத் தொழிலாளர் பலர் வேலையிழந்து தமிழகம் திரும்பினர். அன்று சம்பந்தன் அமைச்சரவையில் இருந்தார். கூட்டணி அரசில் சிறுபான்மைக் கட்சியொன்றின் பேரவலிமை எத்துணைக் குறுகியது என்பதை இது காட்டுகிறது. நிலத்தில் பங்கு தேடித் தந்த தலைமையால், நாட்டில் பங்கு இல்லாதோரைக் காக்க இயலவில்லை. மேலும், கூட்டுறவு தோட்டத்தைத் துண்டாடலினின்று காத்ததே தவிர, தோட்டம் என்னும் அமைப்பை மாற்றவில்லை. பங்குதாரரான தொழிலாளி மறுநாள் காலையும் கூலிக்கே மரம் வெட்டச் சென்றான்.

இக்குறைகளைச் சுட்டுவது அவர் பெருமையைக் குறைப்பதாகாது. குறையற்ற புரவலனாகச் சித்திரிக்கப்படும் தலைவரிடமிருந்து மாணவன் கற்பது நன்றியுணர்வு ஒன்றையே. பத்துப் பத்து வெள்ளியாகச் சேர்ந்த முதலைக் கொண்டு ஒரு தோட்டம் வாங்கப்பட்ட வரலாற்றை அறியும் மாணவனோ, தன் பாட்டனும் பாட்டியும் அவ்வரலாற்றை ஆக்கியோர் என்பதை உணர்வான். சம்பந்தனைப் பற்றிக் கட்டுரை எழுதப் பணிக்கும் தமிழாசிரியர்கள், 'அவர் என்ன கொடுத்தார்?' என்னும் வினாவோடு, 'அவரோடு சேர்ந்து மக்கள் எதைக் கட்டினர்? எதைக் கட்ட இயலாமற் போயிற்று?' என்னும் வினாக்களையும் வகுப்பறையில் எழுப்புதல் வேண்டும். அவ்வினாக்களே அவர்தம் பொதுவாழ்வை வரலாறாக்கும்.