தணலில் வாட்டிய கதிர்

கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் ஷிப்ட் முடிந்து வருகிறவர்களுக்குத் தள்ளுவண்டி மக்காச்சோளம் நல்ல ஆறுதல். கரித்தணலில் திருப்பித் திருப்பி வாட்டி, உப்பும் மிளகாய்த்தூளும் தொட்ட எலுமிச்சை மூடியால் அழுத்தித் தேய்த்துத் தருவார்கள். மணி வெடிக்கும் சத்தமே பசியைக் கிளப்பும்!

கதிர் நுனியில் தொங்கும் பட்டிழைகளைக் கவனியுங்கள். இழைக்கு ஒரு மணி. மகரந்தம் அதன் வழியே இறங்கினால்தான் அந்த மணி பிடிக்கும். பொக்கையாக இருப்பது மகரந்தம் சேராத இடம். சுமார் 9,000 ஆண்டுகளுக்கு முன் மெக்சிகோ உழவர்கள் தியோசிந்தே என்ற காட்டுப்புல்லிலிருந்து தலைமுறை தலைமுறையாக விதை தேர்ந்து வளர்த்தெடுத்த பயிர் இது. மனிதக் கை உதிர்த்து விதைக்காவிட்டால் இதற்கு வம்சமில்லை. எத்தனை பெரிய உழைப்பு! இன்றோ, பெரம்பலூர்ப் பக்கம் விளையும் மக்காச்சோளத்தில் பெரும்பகுதி கோழித்தீவனமாகிறது.

பறித்ததும் கதிரின் இனிப்பு மாவுச்சத்தாக மாறத் தொடங்கிவிடும். இளங்கதிர் கிடைத்தால் அன்றைக்கே சுட்டுச் சாப்பிடுங்கள்.