'மருந்து' அதிகாரத்தில் உற்றவன் இடம்: இலண்டன் சூழலில் ஒரு மறுவாசிப்பு

முன்னுரை

திருக்குறளின் 95ஆம் அதிகாரமாகிய 'மருந்து' புலம்பெயர் தமிழரிடையே அடிக்கடி எடுத்தாளப்பெறுவது. இலண்டன் பல்கலைக்கழகத்தின் கீழைத்தேய ஆப்பிரிக்கவியற் கல்லூரி வளாகத்தில் 1996 முதல் வள்ளுவர் சிலை நிற்கிறது. நகரின் வார இறுதித் தமிழ்ப் பள்ளிகளில் சிறுவர் குறள் ஒப்புவிக்கின்றனர். ஆயினும் மேடைகளில் எடுத்தாளப்பெறுவன தனிக் குறள்களே. அதிகாரம் முழுமையாக வாசிக்கப்பெறுவது அரிது. பத்துக் குறளும் சேர்ந்து ஒரே வாதமாக அமைகின்றன என்பதும், அவ்வாதத்தின் மையம் மருத்துவன் அல்லன், நோயுற்றவனே என்பதும் இக்கட்டுரையின் கருத்து. இவ்வாசிப்பு இலக்கிய நயம் பற்றியது மட்டும் அன்று. அதிகாரத்தைத் துண்டாக்கி வாசிப்பதால் நோயாளர்க்குத் தீங்கு நேரவும் கூடும்.

1. அதிகாரத்தின் கட்டமைப்பு

முதற்குறள் (941) வளி முதலிய மூன்றும் மிகுந்தாலும் குறைந்தாலும் நோய் விளையும் என்று அடித்தளம் இடுகிறது. அடுத்த ஆறு குறள்களும் (942–947) உண்பவனை நோக்கியவை. முன்னுண்டது செரித்ததை அறிதல், அளவறிதல், நன்கு பசித்தபின் உண்ணுதல், மாறுபாடற்ற உணவைத் தேர்தல், விருப்பம் மிகும்போது மறுத்தல் ஆகியன அங்குப் பேசப்படுகின்றன. இறுதி மூன்றில்தான் (948–950) மருத்துவன் தோன்றுகிறான்.

'மருந்து' எனத் தலைப்புப் பெற்ற அதிகாரத்தில் அச்சொல் முதலில் வருவது, அது வேண்டாத நிலையைச் சொல்லும் 942ஆம் குறளில். இக்குறளைத் தனியே எடுப்போர் மருத்துவமே தேவையில்லை என்று வள்ளுவர் கூறியதாகப் பொருள் கொள்கின்றனர். நோய் வருமுன் காத்தல் பற்றிய கூற்றை, வந்தபின் செய்யத்தக்கது பற்றிய கூற்றாக மாற்றுவது பிழை. முதல் வகை நீரிழிவு உடையவர் எவ்வளவு அளந்துண்டாலும் இன்சுலின் இன்றி வாழ இயலாது. அத்தகையவரிடம் இக்குறளைச் சொல்லி ஊசியை நிறுத்தச் செய்வது உயிர்க்கேடு. நோயையும் அதன் முதலையும் தணிக்கும் வழியையும் ஆராய்ந்து செய்க என்னும் 948ஆம் குறள் அதே அதிகாரத்தில்தான் உள்ளது.

இரு பகுதிகளையும் பிணைக்கும் சொல் 'அளவு'. 943, 947 ஆகியவற்றில் அது உண்பவன் அறியவேண்டிய அளவு. 949இல் மருத்துவன் கருதவேண்டிய உற்றவன் அளவும் பிணியின் அளவும் ஆகிறது. நலமாக இருக்கையில் தன் அளவைத் தானே அறிதலும், நோயுற்றபின் அவ்வளவைப் பிறர் அறிதலும் ஒரே ஒழுக்கத்தின் இரு நிலைகள் எனலாம்.

2. நான்கு உறுப்புகளின் வரிசை

950ஆம் குறள் உற்றவன், தீர்ப்பான், மருந்து, உழைச்செல்வான் என்னும் நான்கையும் சேர்த்து மருந்து என்கிறது. நான்கனுள் ஒன்றாகவும் நான்கின் தொகுதியாகவும் அச்சொல் ஒரே குறளில் இருமுறை நிற்பது கருதத்தக்கது.

இந்நாற்பகுப்பு ஆயுர்வேத நூல்களிலும் உண்டு. சரக சங்கிதையிலும் வாக்படரின் அட்டாங்க இருதயத்திலும் மருத்துவன் முதலாவதாகவும், மருந்தும் பணிவிடையாளனும் அடுத்தும், நோயாளி இறுதியாகவும் நிற்கின்றனர். குறளிலோ நோயாளி முதலில் நிற்கிறான். இது யாப்பின் தேவையால் நேர்ந்தது எனலாமா?  ஆயின் முந்திய 949ஆம் குறளும் உற்றவனையே முதலில் வைக்கிறது. ஆறு குறள்களில் உண்பவனிடம் பேசிய நூல், அவன் நோயுற்றபோதும் அவனிடமிருந்தே தொடங்குவது அதிகாரத்தின் போக்கிற்கு இயைந்தது.

3. உரையும் மொழிபெயர்ப்பும்

13ஆம் நூற்றாண்டினர் எனக் கருதப்பெறும் பரிமேலழகர் நான்கு உறுப்புகளுக்கும் நந்நான்கு வகை கூறுகிறார். உற்றவனுக்கு உரியவை பொருளுடைமை, மருத்துவன் வழிநிற்றல், நோய்நிலையை உணர்த்துதல், மருந்தால் வரும் துன்பத்தைப் பொறுத்தல் என்பன. இப்பட்டியல் அட்டாங்க இருதயம் கூறுவதோடு பெரிதும் ஒத்துள்ளது. சரகர் நோயாளிக்குக் கூறும் நான்கனுள் செல்வம் இல்லை, குறளிலும் இல்லை. பொருளுடையவனே நல்ல நோயாளி என்னும் கருத்து உரைவழி வந்து சேர்ந்தது.

ஜி. யு. போப்பின் ஆங்கில மொழிபெயர்ப்பு 1886இல் இலண்டனில் வெளிவந்தது. அவர் 950ஆம் குறளில் நால்வரிசையைப் பிறழாமல் காத்தார். ஆயினும் மருத்துவக் கலை இந்நான்கிற்கும் நால்வகை விதி வகுக்க வேண்டும் என்னும் பொருள்பட மொழிபெயர்த்தார். இது பரிமேலழகர் உரையின் சாயல் எனக் கொள்ள இடமுண்டு. மூலத்தில் உற்றவன் மருந்தின் ஓர் உறுப்பு. போப்பிடம் அவன் விதிக்கு உட்பட்டவன். இவ்வேறுபாடு சிறிதன்று.

4. இலண்டனில் உற்றவன்

1948 ஜூலை 5 அன்று பிரித்தானியாவில் தேசிய சுகாதாரச் சேவை தொடங்கியது. அதன்பின் மருத்துவரைக் காண நோயாளி பொருளுடையவனாக இருக்கவேண்டியதில்லை. இங்கிலாந்தில் மருந்துச் சீட்டுக்குப் பலர் கட்டணம் செலுத்த நேரினும், உரையாசிரியரின் முதல் தகுதி பெரும்பாலும் நீங்கிற்று எனலாம்.

ஆனால் மூன்றாம் தகுதி இங்குக் கடினமாயிற்று. ஆங்கிலம் அறியாத முதிய தமிழர், எரிவுக்கும் குத்தலுக்கும் உளைச்சலுக்கும் உள்ள வேறுபாட்டைக் குறுகிய நேரத்தில் வேற்றுமொழியில் உணர்த்த முடியாமல் எல்லாவற்றையும் 'வலி' என்று முடித்துவிடுகின்றனர். கட்டணமின்றி மொழிபெயர்ப்பாளரைப் பெற ஏற்பாடு உண்டு. சிறுவரை அப்பணிக்குப் பயன்படுத்தலாகாது என்பதும் வழிகாட்டு நெறி. இருந்தும் பல குடும்பங்களில் பேரப்பிள்ளையே உடன்செல்கிறது. பாட்டி நாணத்தால் மறைப்பதைப் பேரன் எவ்வாறு உரைப்பான்?

'உற்றவன் அளவு' என்னும் கருத்தும் இங்குப் புதிய பொருத்தம் பெறுகிறது. உடல் நிறைச் சுட்டெண் 25ஐ எட்டுவதே மிகை எடை என்பது பொது வழக்கு. தெற்காசியர்க்கு 23இலேயே நீரிழிவு முதலிய நோய்களின் ஆபத்து கூடத் தொடங்குகிறது எனப் பிரித்தானிய வழிகாட்டு நெறி 2013இல் அறிவுறுத்தியது. வள்ளுவர் இதனை முன்னறிந்தார் என்பது பொருந்தாப் பெருமை. மூவகைக் குற்றக் கோட்பாடு இன்றைய உடலியல் அன்று. ஒருவர்க்கு உரிய அளவு மற்றவர்க்கு அளவாகாது என்னும் நெறியே இங்கு ஒப்புநோக்கத்தக்கது.

முடிவுரை

முதல் ஏழு குறள்களை மட்டும் கற்பித்தால், நோயுற்றவர் தம் உணவுக் குற்றத்தால் துன்புறுகிறார் என்னும் பழியே எஞ்சும். இறுதி மூன்றை மட்டும் கற்பித்தால், நலம் என்பது மருத்துவரின் பொறுப்பாகிவிடும். பத்தையும் சேர்த்து வாசிக்கையில், தன் அளவறிந்து உண்டவனும், நோயைச் சொல்லத் தெரிந்தவனும், அவன் அருகே நிற்பவனும் மருந்தின் உறுப்புகளாகின்றனர். தமிழ்ப் பள்ளிகள் இவ்வதிகாரத்தை முழுமையாகக் கற்பிப்பதோடு, நோயையும் உடலுறுப்புகளையும் குறிக்கும் தமிழ்ச் சொற்களையும் அவற்றின் ஆங்கில இணைகளையும் உடன் கற்பிப்பது பயன் தரும். சனிக்கிழமை குறள் ஒப்புவிக்கும் சிறுமி வளர்ந்தபின் தாயுடன் மருத்துவரிடம் செல்லக்கூடும். அன்று அவளே உழைச்செல்வாள்.