ஓசைக்கும் இசைக்கும் இடையே

திரையிசை என்றால் பாட்டு என்றே கொண்டு வளர்ந்தவர்கள் நாம். படத்தை மறப்போம், பாட்டை மறவோம். எனவே பாட்டின்றி, பல இடங்களில் மெட்டுமின்றி, ஒருவர் சிறந்த திரையிசையாளர் எனப் பெயர் பெற்றார் என்றால் நமக்கு ஐயம் எழுவது இயல்பே. சோவியத் நாட்டின் எடுவார்ட் அர்த்தெமியேவ் (1937–2022) அத்தகையவர்.

நோவசிபிர்ஸ்க்கில் பிறந்து, 1960-இல் மாஸ்கோ இசைக் கல்லூரியில் பட்டம் பெற்ற இவரை ஈர்த்தது, யெவ்கேனி முர்சின் என்னும் பொறியாளர் படைத்த 'ஏ.என்.எஸ்.' என்ற கருவி. கரும்பூச்சிட்ட கண்ணாடியில் கோடு கீறினால், அதனூடே பாயும் ஒளி ஒலியாக மாறும். ஒரு ஸ்தாயியில் 72 நிலைகள். (நம் 72 மேளகர்த்தாக்களோடு இதனை முடிச்சுப்போட எவரும் விரைய வேண்டா, அது வேறு கணக்கு.)

இவருக்கு வாய்த்த இயக்குநரோ தார்க்கோவ்ஸ்கி. திரைப்படத்திற்கு இசையே தேவையில்லை என்று எண்ணியவர்! இசையமைப்பாளருக்கு இதனினும் கடினமான சோதனை உண்டோ? 'சொலாரிஸ்' (1972) படத்தில் நெஞ்சில் நிற்கும் மெட்டு பாஹ் இயற்றியது. அர்த்தெமியேவின் பங்கு, அம்மெட்டைச் சூழ்ந்த ஓசை வெளியே. டோக்கியோ நெடுஞ்சாலையில் கார்கள் விரையும் காட்சியில் இரைச்சல் பெருகிப் பெருகிச் செவியை நிறைத்து, சட்டென்று அறுபடுகிறது. அடுத்து ஒரு குளத்தின் அமைதி. அந்த அமைதியையும் இசையமைப்பாகவே நாம் கொள்வோம்.

மெட்டமைக்க வராதவர் என்று கருதற்க. மிகல்கோவின் முதற் பெரும்படம் 1974-இல் வந்தது. 'அயலாரிடையே உறவினன், உறவினரிடையே அயலான்' என்பது அதன் பெயரின் பொருள். ஊர்விட்டு வந்த நமக்கு விளக்கம் வேண்டாத தலைப்பு! அதற்கு இவர் தந்த இசை கனிந்த மெட்டுகளால் ஆனது. இதனைச் சந்தைக்கென்றும் தார்க்கோவ்ஸ்கி படங்களைக் கலைக்கென்றும் பிரிப்போர் கூற்றை நாம் ஏற்பதற்கில்லை. இரண்டிடத்தும் இவர் செய்தது, படம் கேட்டதைக் கொடுத்ததே. கொஞ்சலோவ்ஸ்கியின் 'சிபிரியாதா'வில் (1979) மட்டும் மின்னிசை சற்று மிகுந்து, படத்தை முந்திக்கொண்டு ஓடுவதாக நமக்குத் தோன்றுகிறது.

அவரது சிகரம் 'ஸ்டாக்கர்' (1979). கீழ்த்திசையும் மேல்திசையும் சந்திக்கும் இசையைத் தேடியபோது, ஒரே சுருதி அடியில் நிலைத்திருக்க மேலே இசை இழையும் இந்திய முறையை நினைந்ததாக அவரே கூறியுள்ளார். அச்சுருதியின்மேல் அசர்பைஜானின் 'தார்' நரம்புகளும் குழலும் மெல்ல அசைகின்றன. தம்பூராவைத் துணையென்றே எண்ணிப் பழகிய நமக்கு, அது தனித்தும் ஓர் உலகைத் தாங்கும் என்பதை இப்படம் காட்டுகிறது.

தடை செய்யப்பட்ட நிலத்துக்குள் மூவர் தண்டவாள வண்டியில் செல்லும் காட்சி இன்னும் நுட்பமானது. சக்கரங்களின் 'கடக் கடக்' ஒலியே நெடுநேரம் கேட்கிறது. பின்னர் அதில் ஓர் எதிரொலி கூடுகிறது; மின்னொலி கலக்கிறது. எக்கணத்தில் இரும்பு இசையாயிற்று என்று எத்தனை முறை கேட்டாலும் நம்மால் சொல்ல இயலாது. இரண்டிரவு ரயிலில் ஊருக்குச் செல்லும் நம் குடும்பங்கள், நள்ளிரவில் பெட்டியின் ஆட்டம் தாளமாக மாறுவதை அறியும். அவ்வனுபவத்தையே இவர் கலையாக்கினார்.

படத்தின் இறுதியில் மேசைமேல் கண்ணாடிக் குவளைகள் நகர்கின்றன. ரயிலொன்று வீட்டை அதிரவைத்துக் கடக்கிறது. அந்த இரைச்சலுக்குள் பீத்தோவனின் ஒன்பதாம் சிம்பொனி கேட்கிறது. ஆயிரம் முறை கேட்ட அவ்விசை, முழுதாய் ஒலிக்கும் அரங்கில் தராத நடுக்கத்தை அரைகுறையாய் ஒலிக்கும் அங்கே நமக்குத் தருகிறது.