மறந்தவன் நிரபராதியா?

பத்தமடையில் எங்கள் தெருவில் பாய் நெய்யும் மாமி ஒருவர் இருக்கிறார். தியேட்டருக்குப் போகிற பழக்கம் கிடையாது. டிவியில் வருவதை வேலைக்கு நடுவே பார்ப்பதோடு சரி. ஒருநாள் 'கஜினி' ஓடிக்கொண்டிருந்தது. சூர்யா சட்டையில்லாமல் கண்ணாடி முன்னால் நின்று, தன் உடம்பில் பச்சை குத்தி வைத்திருப்பதைத் தானே வாசிக்கிற காட்சி. மாமி கையிலிருந்த கோரையைக் கீழே வைக்காமலே கேட்டார்: "இவன் எழுதி வச்சதே தப்பா இருந்தா என்ன செய்வான்? வேற ஆளைக் கொன்னுட்டு அதையும் மறந்துருவாம்லா?"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. 'கஜினி'க்கு மூலம் என்று சொல்லப்படும் 'மெமென்டோ' முழுக்க முழுக்க இந்தக் கேள்வியின் மேல்தான் நிற்கிறது. தமிழுக்கு வரும்போது கவனமாகக் கழற்றி வைக்கப்பட்டதும் இதே கேள்விதான். படத்தின் மூலத்தைப் பற்றி எதுவும் அறியாத ஒருவர் பிரதியின் ஓட்டையில் நேராக விரலை வைத்துவிட்டார். இந்தக் கட்டுரை அந்த ஓட்டையைப் பற்றியது.

துப்பறியும் கதையாடலில் மூன்று இருக்கைகள் உண்டு. குற்றம் செய்தவன், குற்றத்துக்கு ஆளானவன், துப்பறிபவன். வழக்கமான கதையில் இவற்றில் மூன்று பேர் உட்காருவார்கள். ஞாபகமிழப்பு நுழைந்ததும் மூன்றும் ஒரே உடம்புக்குள் வந்துவிட வாய்ப்பு ஏற்படுகிறது. தேடுகிறவன் தேடியலைந்து கடைசியில் தன்னையே கையும் களவுமாகப் பிடிக்கலாம். இது சினிமா கண்டுபிடித்ததும் அல்ல. ஊரைப் பிடித்த கொள்ளைநோய்க்குக் காரணமான கொலைகாரன் யார் என்று விசாரணை வைத்த ராஜா, அது தானே என்று அறிகிற கதையை சோஃபக்ளீஸ் 2400 வருஷங்களுக்கு முன்பே நாடகமாக்கிவிட்டார். ஈடிபஸ் மறந்தவன் அல்ல, அறியாதவன். இருந்தாலும் கட்டமைப்பு ஒன்றுதான். இந்த வகைமையின் உயிரே இந்த ஆபத்தில் இருக்கிறது.

நம் சினிமா இந்த ஆபத்தை எப்படிக் கையாண்டிருக்கிறது? மறந்தவனுக்கு ஒரே ஒரு இருக்கையை நிரந்தரமாக ஒதுக்கிக் கொடுத்துவிட்டது. அவன் ஆளானவன். பழி அவன்மேல் ஒட்டாது.

1956இல் வந்த 'அமரதீபம்' துப்பறியும் படமல்ல, ஆனால் இலக்கணம் அங்கேயே எழுதப்பட்டுவிட்டது. சிவாஜி அடிபட்டு ஞாபகம் இழக்கிறார்; சாவித்திரியைக் காதலித்தவர் பத்மினியோடு பழகுகிறார்; மறுபடி அடிபட்டு முதல் ஞாபகம் திரும்புகிறது. இரண்டு பெண்களின் வாழ்க்கை புரட்டிப் போடப்படுகிறது. காரணமானவன்மேல் ஒரு கீறல் விழவில்லை. மண்டையில் விழுந்த அடி ஒழுக்கப் பிரச்சினையைத் தீர்த்து வைத்துவிட்டது. 1989இல் பிரதாப் போத்தன் இயக்கிய 'வெற்றி விழா'வில் குண்டடிபட்டுக் கடலில் விழுந்து பிழைக்கும் கமல், தான் யாரென்று தேடிப் போகிறார். ராபர்ட் லட்லமின் 'போர்ன்' நாவலின் சாயல் கொண்ட படம். நாவலில் நாயகனை வாட்டுவது, நான் கூலிக்குக் கொலை செய்கிறவனாக இருந்தால் என்ன செய்வது என்ற பயம். நம் படத்தில் அந்தப் பயத்துக்கு ஆயுசு குறைவு. தேடிப் போனவன் போலீஸ் அதிகாரியாக வந்து நிற்கிறான், அரங்கு கைதட்டுகிறது. அரசின் ஆள் என்று தெரிந்ததும் மேற்கொண்டு கேட்க எதுவும் இல்லை என்று படம் நம்புகிறது. நாமும் நம்பினோம்.

இனி 'கஜினி'க்கு வருவோம். கிறிஸ்டோபர் நோலனின் 'மெமென்டோ' (2000) படத்தில் லெனார்டுக்குப் புதிய ஞாபகங்கள் தங்காது. மனைவியைக் கொன்றவனைத் தேடுகிறான். வண்ணக் காட்சிகள் பின்னோக்கியும் கறுப்பு வெள்ளைக் காட்சிகள் முன்னோக்கியும் ஓடி ஓரிடத்தில் சந்திக்கின்றன. அங்கே நமக்குத் தெரிய வருவது இது: தேடிய ஆளை ஏற்கெனவே கொன்றாகிவிட்டது என்று அவனிடம் சொல்லப்படுகிறது. அவனுக்கு அது பிடிக்கவில்லை. தான் மறந்துவிடுவோம் என்று தெரிந்தே, உண்மை சொன்னவனின் கார் நம்பரை அடுத்த குற்றவாளியின் அடையாளமாகக் குறித்து வைக்கிறான். அங்கே மறதி நோயாக மட்டும் இல்லை, அவன் கையிலிருக்கும் கருவியாகவும் இருக்கிறது.

முருகதாஸ் 2005இல் எடுத்தது இதன் உடுப்பை மட்டும். பச்சை குத்தல், போலராய்டு படங்கள், குறிப்புகள் எல்லாம் வந்துவிட்டன. பதினைந்து நிமிஷ ஞாபகமும் வந்துவிட்டது. ஆனால் காலம் கலைக்கப்படவில்லை. நாயகனின் டைரிகளை வேறொருவர் வாசிக்க, பழைய கதை ஒழுங்காக வரிசையாக நமக்குச் சொல்லப்படுகிறது. கல்பனா எவ்வளவு நல்லவள், யார் கொன்றது, எதற்காகக் கொன்றது, எல்லாம் நம் கண்முன் நடக்கிறது. அவனுக்குத்தான் மறதி, நமக்கு இல்லை. ஆகவே அவன் எழுதியது தப்பாக இருக்குமோ என்று சந்தேகப்பட நமக்கு இடமே தரப்படவில்லை. பழிவாங்கலுக்குக் குற்ற உணர்வில்லாத ஒரு உடம்பு தயார். படம் ஓடிய ஓட்டத்துக்கு அசினின் நடிப்பும் பாட்டுகளும் மட்டும் காரணமல்ல. இந்த ஆறுதலும் காரணம் என்றே கருதத் தோன்றுகிறது.

இன்னொன்று. சஞ்சய் ராமசாமி செல்போன் கம்பெனி முதலாளி. ஞாபகம் போவதற்கு முன்பே அவன் தன் பெயரை மறைத்துச் சாதாரண ஆளாகக் கல்பனாவிடம் பழகியவன். அடையாளத்தைக் கழற்றி மாட்டுவது அவனுக்கு விளையாட்டு. பிறகு அடையாளமே போனபோதும் அடுக்குமாடி வீடு இருக்கிறது, சுவர் முழுக்க ஒட்டப் படங்கள் இருக்கின்றன. மறதியைக்கூட இப்படிப் பராமரிக்கக் காசு வேண்டும். பேர் மறந்துபோச்சு என்று ஒருத்தன் சேரன்மாதேவி பஸ் ஸ்டாண்டில் வந்து நின்றால் என்ன நடக்கும்? "யாரு வீட்டுப் பிள்ளை? எந்தத் தெரு?" என்பதுதான் முதல் கேள்வி. ஊருக்கு வேண்டியது அவன் பேர் அல்ல, சாதி. நம் படங்களில் ஞாபகம் இழந்த எவனிடமும் இந்தக் கேள்வி கேட்கப்படுவதில்லை. சாதியையும் மறந்த ஒருவன் நம் சமூகத்தில் என்ன ஆவான் என்பது எவ்வளவு பெரிய மர்மம்! அதை யாரும் எடுக்கவில்லை.

விதிவிலக்குகள் உண்டு. 2012இல் வந்த 'நடுவுல கொஞ்சம் பக்கத்த காணோம்' நிஜமாக நடந்த ஒன்றிலிருந்து எடுக்கப்பட்டது. கிரிக்கெட் ஆடும்போது விழுந்து அடிபட்ட மாப்பிள்ளைக்குக் கல்யாணப் பெண்ணையே தெரியவில்லை. நண்பர்கள் அதை மறைத்துக் கல்யாணத்தை நடத்துகிறார்கள். சிரித்துக்கொண்டே பார்த்தாலும் உள்ளே ஒரு கசப்பு இருக்கிறது. சடங்கு நடக்க மாப்பிள்ளையின் ஞாபகம் தேவையில்லை, உடம்பு மேடையில் இருந்தால் போதும். மலையாளத்தில் 2013இல் வந்த 'மும்பை போலீஸ்' இன்னும் ஒரு படி போகிறது. நண்பனைக் கொன்றது யார் என்று கண்டுபிடித்த போலீஸ் அதிகாரி விபத்தில் ஞாபகம் இழக்கிறான். மறுபடி முதலிலிருந்து விசாரித்தால் கொலைகாரன் அவனே. முடிவைச் சொல்லாமல் இங்கே விமர்சனம் எழுத முடியாது, மன்னிக்கவும். கொலைக்குக் காரணமாகத் தற்பாலீர்ப்பு ரகசியத்தை வைத்ததன் மூலம் ஏற்கெனவே விளிம்பில் நிற்பவர்கள்மேல் படம் பழியைச் சுமத்துகிறது. இது தனியே பேச வேண்டிய குற்றம். ஆனாலும் காக்கிச் சட்டை போட்ட ஒருவன் விசாரித்து விசாரித்துத் தன்னையே வந்தடைகிற அந்தக் கட்டமைப்பு நம் பக்கத்து மொழியில் சாத்தியமாகியிருக்கிறது என்பதைக் கவனிக்க வேண்டும்.

இதுவரை மறந்தவனைப் பற்றியே பேசினோம். ஞாபகம் உள்ளவர்கள்? அவர்களிடம் நம்மை விட்டுப்போன படம் என்று ஒன்றைத்தான் சொல்ல முடிகிறது. 'மூன்றாம் பிறை' (1982) மர்மப் படமல்ல. கடைசிக் காட்சியில் ஸ்ரீதேவிக்குப் பழைய ஞாபகம் திரும்பி, இடையில் நடந்ததெல்லாம் போய்விட்டது. ரயில் நகர்கிறது. பாலுமகேந்திரா நம்மை ரயிலில் ஏற்றவில்லை, பிளாட்பாரத்தில் கமலோடு நிறுத்திவிடுகிறார். நடந்ததற்கு மிச்சமிருக்கிற ஒரே சாட்சி அவன். என்ன செய்தும் அவனால் நிரூபிக்க முடியவில்லை. பார்ப்பவர்களுக்கு அவன் பைத்தியக்காரன்.

தாமிரபரணிக் கரையில் இருக்கிற எங்களுக்கு அந்தப் பிளாட்பாரம் தெரியாத இடமல்ல. 1999 ஜூலை 23ஆம் தேதி, மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களின் கூலிக்காகவும் சிறையிலிருந்தவர்களின் விடுதலைக்காகவும் திருநெல்வேலியில் ஆட்சியர் அலுவலகத்தை நோக்கி ஊர்வலம் போனது. போலீஸ் தடியடி. ஆற்றுக்குள் விரட்டப்பட்டார்கள். 17 பேர் செத்தார்கள். அதில் பெண்களும் ஒரு குழந்தையும் உண்டு. அப்போது எனக்குப் பத்து வயசு. பெரியவர்கள் குரலைத் தாழ்த்திப் பேசியதும், எங்களை ஆற்றுக்குப் போகவிடாமல் தடுத்ததும் ஞாபகம் இருக்கிறது. நீதிபதி மோகன் தலைமையில் விசாரணை ஆணையம் போட்டார்கள். விசாரணை ஆணையமும் ஒரு துப்பறியும் கதையாடல்தான். எது சாட்சி, எது வதந்தி, எது தண்ணீரில் மூழ்கிய சாவு, எது அடிபட்ட சாவு என்று அது பிரித்து எழுதும். அதன் பக்கங்களில் ஞாபகம் நிரூபிக்கப்பட வேண்டிய ஒன்றாகிறது. மறதி எதையும் நிரூபிக்க வேண்டியதில்லை.

ஆர்.ஆர்.சீனிவாசன் 'நதியின் மரணம்' என்று அதை ஆவணப்படமாக எடுத்தார். ஒவ்வொரு வருஷமும் ஜூலை 23இல் ஆற்றில் பூத்தூவ ஆட்கள் வருகிறார்கள். ஞாபகம் வைத்திருப்பது வேலை. அதைச் செய்கிறவர்கள் கூலிக்காரர்கள். புனைவுப் படங்களில் நிலைமை வேறு. 1995இல் கொடியங்குளத்தில் நடந்த போலீஸ் தாக்குதலை நினைவூட்டும் 'கர்ணன்' 2021இல் வந்தபோது, திரையில் காட்டிய ஆண்டு எந்த ஆட்சியைக் குறிக்கிறது என்று ஆட்சேபம் கிளம்பியது. உடனே அது '90களின் பிற்பகுதி' என்று பொதுவாக்கப்பட்டது. ஞாபகத்துக்காகவே எடுத்த ஒரு படத்தில்கூட தேதி தொலைந்துபோனது. மண்டையில் யாரும் அடிக்கவில்லை.

எனக்கு ஒரு படம் பார்க்க ஆசை. கொக்கிரகுளம் பக்கம் ஆற்றங்கரையில் ஒருவன் கண் விழிக்கிறான். ஈர உடம்பு, பேர் ஞாபகமில்லை. தண்ணீரில் மிதந்தது யார், தள்ளியது யார் என்று வீடு வீடாகப் போய் விசாரிக்கிறான். ஞாபகம் உள்ளவர்கள் சொல்லச் சொல்லக் கேட்கிறான். ஒவ்வொரு வீட்டிலும் அவனை ஒரு மாதிரியாகப் பார்க்கிறார்கள். கடைசி வீட்டில் ஒரு அம்மா கொடியில் காயப்போட்டிருந்த அவன் சட்டையை எடுத்துவந்து கொடுக்கிறாள். காக்கிச் சட்டை.

பத்தமடைப் பாயில் கல்யாணத்துக்கு மாப்பிள்ளை, பெண் பேரையும் தேதியையும் சேர்த்து நெய்து கொடுப்பார்கள். ஆற்றங்கரைக் கோரையைக் கீறி, தண்ணீரில் ஊறப்போட்டு, சாயமேற்றி, எழுத்து எழுத்தாக. நெய்தவர் பேர் அதில் வராது. நெய்த பேரெல்லாம் ஞாபகம் இருக்கா என்று மாமியிடம் கேட்டேன். "பேரு எங்க ஞாபகம் இருக்கு, எத்தனை பேரு! ஆனா நெய்யும்போது ஒரு எழுத்து தப்பினாக்கூட கை சொல்லிரும். உடனே பிரிச்சிருவேன்."

'கஜினி' பற்றி அவர் கேட்டது ஏன் என்று அப்போதுதான் விளங்கியது. தப்பாக எழுதியதைப் பிரித்துப் பார்க்கிற ஒரு கை அந்தப் படத்தில் யாருக்கும் இல்லை.