'பையவே' என்னும் சொல்

7-ஆம் நூற்றாண்டில், மதுரையில் தாம் தங்கிய மடத்திற்கு இடப்பெற்ற தீயை நின்றசீர் நெடுமாறன்பால் ஏவிய ஆளுடைய பிள்ளையார், அது 'பையவே' செல்க என்றருளினார். தீ வெப்புநோயாயிற்று. மங்கையர்க்கரசியாரின் மங்கலநாணைக் காத்தற்பொருட்டே இச்சொல் எழுந்ததென அமைவார் பலர். அது சாலாது.

12-ஆம் நூற்றாண்டினரான சேக்கிழார் காட்டிய காரணங்கள் ஐந்து. தேவியாரின் மங்கலநாண் முதலது. குலச்சிறையாரின் அன்பு, அரசன்பால் உற்ற அபராதம், மீண்டு சிவநெறி அடையும் விதி, பிள்ளையார் திருக்கையால் நீறு தீண்டப்பெறும் பேறு என்பன ஏனைய. இவற்றுள் விதியே ஈண்டு நோக்கற்பாலது. விதி என்ற அளவில் சாவையும் கேட்டையுமே நினைத்தல் நம்மவர் வழக்கமாயிற்று. சேக்கிழாரோ அரசன் உய்தற்கும் அச்சொல்லையே ஆண்டார். அபராதம் உண்மையின் தீ செல்லாதொழிதல் முறையன்று. உய்யும் விதி உண்மையின் அது விரைந்து சென்று கொல்லுதலும் முறையன்று. ஆகலின், அருள் வந்து வினைநீதியைக் கைவிட்டதென்பார் கூற்றுப் பொருந்தாது. வினை உடலளவில் நோயாய் நுகரப்பட்டுக் கழிந்ததென்க.

தேவியாரும் நாணைப் பற்றி அழுதிருந்தாரல்லர். பிள்ளையார் அருளாலன்றி இந்நோய் தீராதென அமைச்சருடன் கூடி அரசனுக்கு உரைத்தார். அப்பெயரைக் கேட்டபோதே அவன் அயர்வு நீங்கிற்று; நீறு பூசப்பெற்றது பின்னரே.