தற்பெருமையும் தோழமைச் சிரிப்பும்

தற்பெருமை பேசுவோனைத் திருத்த ஏச்சினும் சிரிப்பே சிறந்த மருந்து என்பர். ஆயின், அம்மருந்தைக் கொடுப்பவர் யாரென்பதையும் நாம் ஆராய்தல் வேண்டும்.

‘திலகாஷ்ட மகிஷ பந்தனம்’ என்னும் தெனாலிராமன் கதையை நம்மவருள் அறியாதார் சிலரே. எவரையும் வாதில் வெல்வேன் என்று தருக்கி வந்த பண்டிதரிடம், எருமைக் கயிற்றால் கட்டிய எள்ளுக் கட்டை அரியதொரு நூலென்று கூறி அஞ்சவைக்கிறான் இராமன். பண்டிதர் இரவோடிரவாக ஊரைவிட்டு ஓடுகிறார். நாம் நகைக்கிறோம், ஆனால் அவரோடு சேர்ந்து நகைப்பதில்லை. அங்கே வெற்றி உண்டு, நட்பு இல்லை.

நட்பிற் பிறந்த கேலியைக் காண விரும்புவோர், 1598இல் அச்சேறிய ஷேக்ஸ்பியரின் ‘நான்காம் ஹென்றி’ முதற்பாகத்தைப் படித்தல் நலம். பால்ஸ்டாப் என்னும் பருத்த கிழவர் வாய்வீரத்தில் இணையற்றவர். அவரும் கூட்டாளிகளும் வழிப்போக்கரைக் கொள்ளையிடுகின்றனர். அவருடைய தோழர்களான இளவரசன் ஹாலும் பாயின்ஸும் மாறுவேடத்தில் பாய்ந்து அப்பொருளைப் பறிக்க, கிழவர் ஓட்டம் பிடிக்கிறார். பின்னர் மதுக்கடையில், எதிர்த்த இருவரை நால்வராக்கி, எழுவராக்கி, பதினொருவர் வரை வளர்க்கிறார்! தாமே சிதைத்த வாளையும் சான்றாக நீட்டுகிறார். உண்மை வெளிப்பட்டதும் நாணினாரா? இல்லை, வந்தவர் இளவரசர் என்றுணர்ந்தே கையோங்காது விட்டதாகச் சாதிக்கிறார். அன்றிரவே தலையணையை முடியாகச் சூடி, அரசனாக நடித்து, இளவரசனையே கண்டிக்கிறார். கேலி இருவழியும் ஓடுகிறது. பறித்த பொருளும் உரியவர்க்கே திரும்புகிறது.

1600இல் அச்சான இரண்டாம் பாகத்திலோ நிலை வேறு. இளவரசன் அரசனாகிறான். ஆவலோடு ஓடிவந்த பழந்தோழரைப் பலரறிய விலக்குகிறான். அவருடைய பருமனை முன்போலவே எள்ளுகிறான். ஆயின், வேடிக்கையாக மறுமொழி கூறலாகாது என்று இப்போது தடை விதிக்கிறான். அரசனுக்குக் கடமை உண்டென்று அறிஞர் சிலர் வாதிப்பர். இருக்கலாம். எனினும், அவ்வொரு தடையால் பழைய கேலி தண்டனையாகிவிட்டது என்பதே நமது துணிபு.

கோலா தெர்லாத் தேயிலை மலையில் கணக்கெழுதும் நமக்கு இவ்வேறுபாடு நன்கு விளங்கும். கொழுந்து நிறுக்குமிடத்தில் தொழிலாளி ஒருவர் தம் தோழரின் வீறாப்பைக் கேலி செய்தால், மாலைக்குள் வட்டியோடு பதில் கிடைக்கும். மானேஜரோ கிராணியோ அதையே சொன்னால், கேட்டவர் உள்ளே வெந்துகொண்டு சிரித்து வைக்கவேண்டும். நகைச்சுவை எழுதப் புகும் நம் இளைஞர்கள் இதனை மறவாதிருப்பாராக: திருப்பிச் சிரிக்க உரிமையுள்ளவனிடம் செய்வதே கேலி.