ஆட்கொணர்வும் உடன்போக்கும்: பெங்களூர்த் தீர்ப்பொன்றை முன்வைத்து

இலத்தீன் மூலத்தில் ‘உடல்’ எனப்படுவதைத் தமிழாக்கியோர் ‘ஆள்’ என்றனர். உடல் கொணரப்படுவது, ஆளோ வந்து பேசவும் வல்லவர். திருமணப் பூசல்களில் ஆட்கொணர்வு மனுவின் இயல்பை உணர இவ்வேறுபாடு உதவும். மகளைக் காணவில்லையெனத் தந்தை தொடுப்பதும் உண்டு. தான் விரும்பிய பெண் அடைத்து வைக்கப்பட்டுள்ளார் என ஆடவன் தொடுப்பதும் உண்டு. மனுதாரர் யாராயினும், முடிவு அவர் கையில் இல்லை.

இத்தகு வழக்குகளைப் பேசும்போது உடன்போக்குப் பாடல்களைச் சான்று காட்டுதல் தமிழாய்வில் இயல்பு. கலித்தொகையின் ஒன்பதாம் பாடல் அவற்றுள் முதன்மையானது. மகளைத் தேடிவரும் செவிலிக்கு முக்கோற்பகவர் சந்தனம், முத்து, யாழிசை ஆகியவற்றை உவமை காட்டி, அவை பிறந்த இடத்திற்கன்றிப் பயன்கொள்வோர்க்கே உரியன என்கின்றனர். இதனைத் தனிமனித உரிமைக் குரலாகக் கொள்வது மிகைவாசிப்பு. உரிமை இங்கே கைமாறுகிறது; தலைவிக்கு உரியதாகவில்லை. அப்பாடலில் அவள் பேசவும் இல்லை.

கர்நாடக உயர்நீதிமன்றம் 2020 நவம்பர் 27 அன்று பெங்களூரில் வழங்கிய தீர்ப்பில் பெண் பேசுகிறாள். உடன் பணிபுரிந்தவரை மணப்பதில் தன் உரிமையைப் பெற்றோர் பறிக்கின்றனர் என்பது அவள் கூற்று. அப்போது அவள் தங்கியிருந்ததோ பெண்கள் அமைப்பொன்றின் காப்பில். அக மரபின் இற்செறிப்பை நினைவூட்டும் நிலை இது. தமிழில் ‘காவல்’ என்னும் ஒரே சொல் பாதுகாப்பையும் சிறையையும் குறிப்பது தற்செயலன்று. வயதுவந்தோர் தாம் விரும்பியவரை மணப்பது அடிப்படை உரிமை, சாதி சமயம் கருதி எவரும் அதில் தலையிடலாகாது எனக் கூறிய நீதிபதிகள் எஸ். சுஜாதா, சச்சின் சங்கர் மகதும் ஆகியோர் அவளை விடுவிக்கப் பணித்தனர்.

முடிவு சரியானதே. எனினும் காரணம் கூறும் பகுதியில் ஒரு நெருடல் உள்ளது. மென்பொருள் பொறியாளர் ஆதலின் தன் வாழ்வைத் தானே முடிவு செய்ய வல்லவர் என்கிறது தீர்ப்பு. அங்ஙனமாயின் ஒக்கலிபுரத்திலிருந்து ஆயத்த ஆடை ஆலைக்குச் செல்லும் பெண்ணின் நிலை என்ன? சட்டம் கேட்பது வயதை மட்டுமே.

இந்நெருடலின் மறுபக்கத்தைக் கேரளத்தில் காணலாம். 24 வயது மாணவி ஒருவரை எளிதில் ஏமாற்றத்தக்கவர் எனக் கருதிய அம்மாநில உயர்நீதிமன்றம், தந்தையின் ஆட்கொணர்வு மனுவில் 2017 மே மாதம் அவர் திருமணத்தையே செல்லாதென்றது. உச்ச நீதிமன்றம் 2018 மார்ச் 8 அன்று அதனை நீக்கிற்று. ஓரிடத்தில் பெண் வல்லவள், மற்றோரிடத்தில் மெலியவள். இரண்டிலும் அவளது தகுதியை அளந்தவர் பிறரே. தலைவியின் சொல்லுக்குச் செவிலியோ பகவரோ சான்றளிக்க வேண்டியிருந்த மரபு, தீர்ப்புகளின் நடையில் இன்னும் எஞ்சியுள்ளது.